நைனா வீட்டில் இருக்கிறார்

எங்கள் பகுதி அரசுப் பள்ளியின் மேலாண்மைக் குழுவில் என்னைச் சேர்த்தது தலைமை ஆசிரியையின் யோசனை. சென்னையில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவன், மனைவி போன பிறகு திருத்தணிக்கே திரும்பி வந்தவன், பகலில் வேறு வேலை இல்லாதவன். இதைவிட என்ன தகுதி வேண்டும்? கூட்டத்துக்குப் போவேன், வருகைப் பதிவில் கையெழுத்துப் போடுவேன், குடிநீர்த் தொட்டியைப் பற்றிக் கொஞ்சம் பேசுவேன், தேநீர் குடித்துவிட்டு வருவேன். அவ்வளவுதான் என் பொதுச்சேவை.

போன ஆண்டு ஒரு நாள் தலைமை ஆசிரியை என்னைத் தனியாக அழைத்தார். சென்னையிலிருந்து ஒரு குழு வருகிறதாம். பிள்ளைகளிடம் கேள்விகள் கேட்பார்களாம். வீட்டில் யார் இருக்கிறார்கள், பசித்தால் யார் சோறு போடுகிறார்கள், பயமாக இருந்தால் யாரிடம் சொல்வாய், இப்படி. பிள்ளைகளும் குடும்பங்களும் எப்படி இருக்கின்றன என்று தெரிந்துகொண்டு அரசுக்குச் சொல்வதற்காக. பெற்றோர் சம்மதித்துக் கையெழுத்துப் போட வேண்டும். எல்லோரும் போட்டுவிட்டார்கள். இரண்டாம் வகுப்புப் பெண் ஒருத்தியின் தாய் மட்டும் முடியவே முடியாது என்கிறாளாம்.

"சார், நீங்க இந்த மாதிரி ஆய்வு வேலையிலேயே இருந்தவரு. உங்க பேச்சக் கேப்பாங்க. வெளிய பெஞ்சுல உக்காந்திருக்காங்க."

போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தேன். முப்பது வயது இருக்கலாம். விசைத்தறி ஷெட்டிலிருந்து நேராக வந்திருந்தாள், தலைமுடியில் நூல் துகள்கள் ஒட்டியிருந்தன. அவள் மடியில் சாய்ந்துகொண்டு அந்தச் சிறுமி காலாட்டிக்கொண்டிருந்தாள்.

"ஏம்மா, உங்க பொண்ணு நாலு வார்த்தை பதில் சொன்னா என்ன?"

"வேணாங்க. புள்ள ஒண்ணு சொல்லும், அவங்க ஒண்ணு எழுதிக்குவாங்க. அப்புறம் இருக்கறதையும் மூடிகினு போய்டுவாங்க."

"அப்படியெல்லாம் மூட மாட்டாங்கம்மா" என்றேன்.

அவள் அதுவரை தரையைப் பார்த்துத்தான் பேசிக்கொண்டிருந்தாள். இப்போது தலையைத் தூக்கி என் முகத்தைப் பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள்.

"நீங்க நைனா சார் தானே?" என்று கேட்டாள்.

அந்தப் பெயரால் என்னை அழைக்கக்கூடியவர்கள் இந்த ஊரில் ஒரே ஒரு தெருவில்தான் இருந்தார்கள். இருபது ஆண்டு ஆகப்போகிறது.

அப்போது நான் சென்னையில் ஓர் ஆய்வு நிறுவனத்தில் இருந்தேன். குழந்தைகள், குடும்பங்கள், அவற்றுக்கான அரசுத் திட்டங்கள், இவைதான் எங்கள் வேலை. திருத்தணியில் நெசவாளர் தெரு ஒன்றில் சமூகநலத் துறையினர் சோதனையாக ஓர் ஏற்பாடு செய்திருந்தார்கள். வழக்கமான பால்வாடியில் மத்தியானச் சோறு போட்டதும் பிள்ளைகளை அனுப்பிவிடுவார்கள். அதன் பிறகு தாய்மார்கள் ஷெட்டிலிருந்து வரும்வரை சின்னஞ்சிறுசுகளைப் பார்த்துக்கொள்ள அந்தத் தெருவிலேயே ஒரு வாடகை அறை. ஒரு டீச்சர், ஓர் ஆயா, இரண்டு தூளி, ஓர் அண்டா சுண்டல். தெருவில் அதைச் சாயங்காலப் பால்வாடி என்பார்கள். அதைத் தொடர்ந்து நடத்தலாமா, மற்ற நெசவாளர் தெருக்களிலும் திறக்கலாமா என்று முடிவு செய்வதற்கு முன் அங்குள்ள குடும்பங்களைப் பற்றி ஓர் ஆய்வு வேண்டும் என்றார்கள். அது எங்களிடம் வந்தது.

கேள்விகளைத் தயாரித்தபோது என்னோடு வேலை செய்தவர்கள் "அப்பா" என்று எழுதியிருந்தார்கள். நான் சிரித்தேன். "எங்க ஊர்ப் பக்கம் அப்பான்னு கேட்டா பசங்க முழிக்கும். நைனான்னு போடுங்க" என்றேன். ஆந்திர எல்லையை ஒட்டிய ஊர். தமிழ் பேசும் வீடுகளிலும் தெலுங்கு உறவுச்சொற்கள் தாராளமாகப் புழங்கும். நானும் என் தகப்பனாரை நைனா என்றுதான் அழைத்தேன். மண்ணின் சொல்லைக் கேள்வியில் கொண்டுவந்தவன் என்று அறையில் இருந்த எல்லோரும் என்னை மெச்சிப் பார்த்தார்கள். அந்தப் பார்வை எனக்குப் பிடித்திருந்தது. அதையும் சொல்லிவிட வேண்டும்.

பத்து வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகளிடம் நானே உட்கார்ந்து கேட்டேன். "ஸ்கூல் விட்டு வர்றப்போ நைனா வீட்ல இருப்பாரா?" "ஆங், இருப்பாரு." "அடிபட்டு வலிச்சா மொதல்ல யார்கிட்ட சொல்லுவே?" "நைனாகிட்ட." வீட்டுக்கு வீடு இதே பதில். தெருவில் நான் நுழைந்தாலே பொடிசுகள் கூவும்: "டேய், நைனா சார் வந்துகினு இருக்காரு!" ஒருவன் எதிரில் வந்து நின்று என் குரலிலேயே, "நைனா வீட்ல இருப்பாரா?" என்று கேட்டுவிட்டு ஓடுவான். நானும் சிரிப்பேன்.

அந்தப் பதில்கள் எங்களுக்கு எதிர்பாராத பரிசாக இருந்தன. உழைக்கும் வீடுகளில் தகப்பன் என்றால் குடிப்பவன், காணாமல் போனவன் என்றே எழுதிப் பழகியிருந்தோம். இங்கே வீட்டிலேயே கைத்தறி நெய்துகொண்டு, பிள்ளைக்குக் காது கொடுக்கும் தகப்பன் கிடைத்திருக்கிறான். நான் ஓர் அத்தியாயம் எழுதினேன். அதில் ஒரு வரி: "பள்ளி விட்டு வரும் பிள்ளையை எதிர்கொள்ளத் தகப்பன் வீட்டில் இருக்கிறார், பிள்ளையின் வலியை முதலில் கேட்பவர் அவரே." நிறுவனத்தில் பலர் அந்த வரியை வாய்விட்டுப் படித்தார்கள். வாழ்க்கையில் நான் எழுதியவற்றிலேயே நல்ல வரி அதுதான் என்று நினைத்தேன். இன்றும் மனப்பாடமாக இருக்கிறது.

அறிக்கையின் அட்டைக்கு ஒரு தகப்பனும் பிள்ளையும் சேர்ந்த படம் வேண்டும் என்றார்கள். மிகத் தெளிவாகப் பதில் சொன்ன பிள்ளை ஏழாம் வகுப்புப் படித்த ஒரு பெண். கேமராவை எடுத்துக்கொண்டு அவள் வீட்டுக்குப் போனேன். அன்று ஏதோ விடுமுறை. வாசலில் நின்று, "நைனாவக் கூப்பிடும்மா, ஒரு போட்டோ எடுத்துக்கலாம்" என்றேன்.

"நைனாவால வெளிய வர முடியாது சார். நீங்க உள்ள வாங்க."

உள்ளே கயிற்றுக் கட்டிலில் ஒரு கிழவர் படுத்திருந்தார். இரண்டு கண்ணிலும் புரை படர்ந்திருந்தது. கட்டில் காலில் ஒரு பழைய புடவையின் முனை முடிச்சிட்டிருந்தது. மறுமுனை மூன்று வயதுப் பையன் ஒருவனின் இடுப்பில் கட்டப்பட்டிருந்தது. புடவை எட்டும்வரை அவன் போவதும் இழுபட்டுத் திரும்புவதுமாக இருந்தான். அவளுடைய தம்பி. பால்வாடி லீவு, அதனால் கட்டிப்போட்டிருக்கிறோம் என்றாள் அவள், வெட்கப்படாமல்.

"ஓடிட்டான்னா நான் எங்க போய்த் தேடறது?" என்றார் கிழவர், என் குரல் வந்த பக்கம் திரும்பி.

நான் அந்தப் பெண்ணைப் பார்த்தேன். "இவரு உங்க தாத்தா இல்லையா?"

"ஆங். நைனா."

"அப்போ உங்க அப்பா?"

"அண்ணனா?" என்றாள். "அண்ணன் ஆந்திராவுல, நகரில தறி மெஷின் ஓட்டுறாரு. ஆடிக் கிருத்திகைக்குத் தான் வருவாரு."

கிழவர் சிரித்தார். பல் இல்லாத சிரிப்பு. "நான் பெத்ததுங்க என்ன நைனான்னும். அதப் பாத்து அதுங்க பெத்ததும் நைனான்னும். அவ அப்பன அவன் தம்பிங்க அண்ணான்னு கூப்புடுதுங்களா, இவளுக்கும் அவன் அண்ணன் தான். பால்காரன்கூட என்ன நைனான்னு தான் கூப்புடுறான், ஆனா பால்ல தண்ணி ஊத்தறத மட்டும் உடல. போட்டோ புடி சார். கண்ணு நல்லா இருக்கற மாதிரி புடி."

படம் எடுத்தேன். வெளிச்சம் போதாததால் அது சரியாக வரவில்லை என்று பின்னால் எல்லோரிடமும் சொன்னேன்.

எனக்குப் புரிய ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. அந்தத் தெருவில் முக்கால்வாசி கூட்டுக் குடும்பங்கள். பெரியவர்கள் ஒருவரை ஒருவர் எப்படி அழைக்கிறார்களோ அப்படியே பிள்ளையும் பிடித்துக்கொள்ளும். வீட்டில் இருக்கும் நைனா என்றால் கண் தெரியாத, கால் வராத கிழவர். தகப்பனோ அண்ணன் என்ற பெயரில், எல்லை தாண்டி நகரியில் விசைத்தறி ஓட்டிக்கொண்டிருந்தான். இது எனக்குத் தெரியாது என்று நான் சொல்லவே முடியாது. எங்கள் வீட்டில் என் மாமாக்கள் இருவர் தங்கிப் படித்தார்கள். அவர்கள் என் தாயை அக்கா என்றார்கள். நானும் அக்கா என்றேன். அவள் சாகும்வரை அக்காதான். ஒருமுறைகூட அம்மா என்று அழைத்ததில்லை. மற்றவர்களுக்குத் தெரியாமல் போகலாம். எனக்கு எப்படித் தெரியாமல் போயிற்று?

வாசல்வரை அந்தப் பெண் கூட வந்தாள். "சார், பால்வாடிய மூடப் போறாங்களாமே? டீச்சர் சொன்னாங்க."

"யார் சொன்னா என்ன. மூட மாட்டாங்கம்மா."

"மூடினா மத்தியானத்துக்கு மேல நான் ஸ்கூலுக்குப் போவ முடியாது சார். தம்பிய நான் தான் பாத்துக்கணும்னு அக்கா சொல்லிடுச்சி."

அக்கா என்று அவள் சொன்னது அவள் தாயை.

"மூட மாட்டாங்க. நீ படி" என்றேன். அந்த நேரத்தில் அதை நம்பித்தான் சொன்னேன்.

திருத்தணியில் மின்சார ரயில் ஏறினேன். அறிக்கையை நிறுத்த வேண்டும், மீண்டும் வந்து எல்லா வீட்டிலும் சரியாகக் கேட்க வேண்டும் என்று அரக்கோணம்வரை திட்டமாக நினைத்துக்கொண்டு போனேன். திருவாலங்காட்டில் கேட் மூடியிருந்தது. கரும்பு ஏற்றிய டிராக்டர்கள் வரிசையாக நின்றன. அதைப் பார்த்துக்கொண்டே, திரும்ப வந்தால் நிறுவனத்தில் யார் யாருக்கு என்ன சொல்ல வேண்டியிருக்கும் என்று யோசித்தேன். நைனா என்று போடச் சொன்னது யார் என்று கேட்பார்கள். அந்த வரியைப் படித்தவர்கள் எல்லாம் என்னைப் பார்ப்பார்கள். மணவூரில் ரயில் நின்றபோது, ஒரு வீட்டை வைத்து எப்படி முடிவு கட்டுவது, மற்ற வீடுகளில் உண்மையான தகப்பனாகவே இருக்கலாமே என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். இன்னொரு வீட்டுக்குப் போய்க் கேட்டிருக்கலாம். கேட்டால் தெரிந்துவிடும் என்பதால் கேட்கவில்லை.

துறையின் கூட்டத்தில் ஒரு பெண் அதிகாரி இருந்தார். நல்லவர், கவனமாகப் படித்துவிட்டு வந்திருந்தார். என்னைப் பார்த்து நேராகவே கேட்டார்: "அப்படியானால் மதியத்துக்குப் பிறகு பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள வீட்டில் ஆள் உண்டா?"

அவருக்கு நான் சொன்ன பதிலைத்தான் இந்த ஆண்டுகள் எல்லாம் சுமந்துகொண்டிருக்கிறேன். தகப்பன் இருக்கிறார் என்று சொல்ல வாய் வரவில்லை. இல்லை என்று சொல்லவும் துணிவில்லை.

"நைனா வீட்டில் இருக்கிறார், மேடம்" என்றேன்.

அந்தச் சொல்லின் மண்வாசனையை ரசித்து அவர் புன்னகைத்தார். நான் சொன்னதில் ஓர் எழுத்துகூடப் பொய்யில்லை. யாரும் என்னைப் பொய்யன் என்று சொல்லிவிட முடியாதபடி பொய் சொல்லியிருந்தேன். வீட்டில் ஆள் இருப்பதால் மாலைக் காப்பகம் தேவையில்லை, அந்தச் செலவை வேறு பணிக்குத் திருப்பலாம் என்று முடிவாயிற்று. அறையைப் பூட்டினார்கள். நல்ல தகப்பன்களைப் பற்றிப் பேச என்னைப் பல ஊர்களுக்கு அழைத்தார்கள். போனேன். மாலை போட்டுக்கொண்டேன்.

இந்த ஊருக்குத் திரும்பி வந்த பிறகும் அந்தத் தெரு வழியாக நான் போனதில்லை. மலைக்குப் போகும் வேன்கள் சுற்றிக்கொண்டு போகிற பாதையிலேயே நானும் சுற்றிக்கொண்டு போவேன்.

இப்போது பள்ளி பெஞ்சில் அவள் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள்.

"ஆமாம்மா. நான்தான்" என்றேன்.

"தலையெல்லாம் வெளுத்துப் பூடுச்சே சார். கொரலு தான் அப்படியே கீது." அவள் குரலில் கோபம் இல்லை. பழைய ஆளைக் கண்ட சந்தோஷம்கூடக் கொஞ்சம் இருந்தது. அதுதான் தாங்க முடியாமல் இருந்தது. "நான் தான் சார் அப்போ தப்பா சொல்லிட்டேன். அதுக்குத் தான் என் பொண்ணு வாயத் தொறக்கக் கூடாதுன்றேன்."

"நீ என்ன தப்பா சொன்னே?"

"பால்வாடிய மூடினன்னிக்கு டீச்சரம்மா தெருவுல நின்னு கத்திச்சி. உங்க புள்ளைங்க தான் நைனா கீறாரு நைனா கீறாருன்னு சொல்லி என் பொழப்புல மண்ணப் போட்டுச்சுங்கன்னு. எத்தினியோ புள்ளைங்க பதில் சொல்லிச்சி. ஆனா நீங்க எங்க வூட்டுக்குத் தானே வந்தீங்க, போட்டோ புடிச்சீங்க? அதனால நான் தான்னு ஆயிடுச்சி."

"அப்புறம் ஸ்கூல்?"

"மொதல்ல மத்தியானத்துக்கு மேல ஸ்கூலுக்குப் போவல. அப்புறம் கணக்கு புரியல, டீச்சர் திட்டுனாங்க. எட்டாவதோட நின்னுட்டேன். தம்பிக்கு அஞ்சு வயசு ஆவற வரிக்கும் அவன இடுப்புல தூக்கிகினே திரிஞ்சேன். அப்புறம் ஷெட்டுல தறிக்குத் தார்நூல் சுத்தப் போட்டுட்டாங்க." அவள் மகளின் ரிப்பனை அவிழ்த்து மறுபடி கட்டினாள். "அத உடுங்க. அக்கா தான் சாவுற வரிக்கும் சொல்லிகினே இருந்துச்சி. சோறு போடறப்பல்லாம் சொல்லும். வாய மூடிகினு இருந்திருந்தா நீயும் படிச்சிருப்ப, நானும் நிம்மதியா வேல செஞ்சிருப்பேன்னு. அது சொன்னதுலயும் தப்பு இல்ல சார்."

அப்போதே சொன்னேன். கேள்வியில் நைனா என்ற சொல்லை வைத்தது நான். அவள் சொன்ன பதில் சரி. அதைத் தகப்பன் என்று எழுதியது நான். இவ்வளவுதான் சொல்ல நினைத்திருந்தேன். அவள் கேட்டாள்:

"இது உங்களுக்கு எப்போ தெரியும்?"

"உங்க வீட்டுக்கு வந்தன்னிக்கே."

"மூடறதுக்கு முன்னாடியா?"

"ஆமாம்மா. முன்னாடிதான்."

ரிப்பன் கட்டிக்கொண்டிருந்த கை நின்றது. மைதானத்தில் யாரோ விசில் ஊதினார்கள். "நான் உங்கள வாசல்ல நிக்க வெச்சிக் கேட்டேன் சார்" என்றாள். "மூட மாட்டாங்கன்னு சொன்னீங்க."

"சொன்னேன்."

"ஒரு கார்டு போட்டிருக்கலாமே. உங்க பொண்ணு மேல தப்பு இல்லன்னு அக்காவுக்கு ஒரு கார்டு."

பால்வாடி மூடப்பட்டதை மட்டுமே என் குற்றமாக இத்தனை காலம் நினைத்துக்கொண்டிருந்தேன். ஒரு பிள்ளை அதைத் தன் குற்றமாகச் சோற்றோடு சேர்த்துத் தின்றுகொண்டிருக்கும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. பிள்ளைகளின் மனத்தைப் பற்றி இருபதுக்கும் மேற்பட்ட கட்டுரைகள் எழுதியிருக்கிறேன்.

"அக்கா, போலாம்" என்று சிறுமி தாயின் முந்தானையை இழுத்தாள். அந்த வீட்டில் தம்பி அவளை அக்கா என்று அழைப்பான்; ஆகவே மகளுக்கும் அவள் அக்கா.

அவள் எழுந்தாள். "எங்கிட்ட சொல்லி இன்னா ஆவறது சார். அக்கா பூடுச்சி. அண்ணன் இருக்காரு. அவுரும் என் மேல தான் தப்புன்னு நெனச்சிகினு இருக்காரு. நாளைக்கு சாயங்காலம் வந்து அவுரு கிட்ட சொல்லுங்க."

"வர்றேம்மா."

"வருவீங்களா?" என்று ஒருமுறை கேட்டுவிட்டுப் போனாள். என் வார்த்தைக்கு அவளிடம் இருந்த மதிப்பு அவ்வளவு.

கையெழுத்து வாங்கினேனா என்று தலைமை ஆசிரியை கேட்டார். வாங்கவில்லை என்றேன். அன்று மாலையே என் பழைய நிறுவனத்துக்கு எல்லாவற்றையும் எழுதி அனுப்பினேன். அந்த ஆய்வு மிகப் பழையது, இப்போது யாரும் அதைப் பயன்படுத்துவதில்லை, ஆனாலும் தங்கள் நேர்மையைப் பாராட்டுகிறோம் என்று சில வாரம் கழித்துப் பதில் வந்தது. பாராட்டு மறுபடியும் எனக்கே.

அவளிடம் சொன்னபடியே மறுநாள் மாலை அந்தத் தெருவுக்குப் போனேன். சாயங்காலப் பால்வாடி இருந்த அறையில் இப்போது செல்போன் ரீசார்ஜ் கடை. அதற்கு அடுத்த ஷெட்டில் விசைத்தறிகள் ஓடிக்கொண்டிருந்தன, தரைகூட அதிர்ந்தது. அவள் வாசலிலேயே நின்றிருந்தாள். உள்ளே, கிழவர் கிடந்த அதே இடத்தில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு அவள் தகப்பன் உட்கார்ந்திருந்தார். அறுபதை நெருங்கும் ஆள். அவரைப் பற்றி ஓர் அத்தியாயமே எழுதிய நான், அவரை அன்றுதான் முதன்முதலாகப் பார்த்தேன்.

"அண்ணா! நைனா சார் வந்திருக்காரு!" என்று அவள் கத்தினாள்.

"நைனாவா? அவுரு செத்து எத்தினி வருஷம் ஆச்சி, இப்போ எங்கருந்து வராரு?"

"நைனா இல்ல அண்ணா, நைனா சார்! கேள்வி கேட்டாரே, அவுரு!" என்னிடம் திரும்பினாள். "மெஷின்லயே நின்னு நின்னு காது பூடுச்சி சார். சத்தமா சொல்லணும்."

மைக் பிடித்துப் பேசிப் பழகியவன் நான். முதலில் சொன்னது அவருக்குக் கேட்கவில்லை. இரண்டாவது முறையும் "ஆங்?" என்று கையைக் காதருகே குவித்தார். பிறகு நான் கத்தினேன். "தப்பு என் மேல! உங்க பொண்ணு சரியாத்தான் சொன்னா! நான்தான் தப்பா எழுதினேன்! தெரிஞ்ச பிறகும் திருத்தல!"

எதிர்வீட்டு வாசலில் இரண்டு பெண்கள் எட்டிப் பார்த்தார்கள்.

"இன்னாவாம்?"

"இன்னாவோ தப்பாம்."

"யாராம்?"

"அந்தக் கெழவனாம்."

அவள் அவர்களை உள்ளே போகச் சொல்லவில்லை. கேட்கட்டும் என்றுதான் நின்றாள்.

கொஞ்சம் கொஞ்சமாக அவருக்கு விஷயம் புரிந்தது. நடுநடுவே கேள்வி கேட்டார். "அப்போ நான் வூட்ல இருந்தேன்னா எழுதினீங்க?"

"ஆமா!"

"நான் நகரில தானே இருந்தேன்."

"ஆமா!"

"எனக்கே தெரியாம என்ன வூட்ல ஒக்கார வெச்சிட்டீங்களே சார்" என்று ஒருமுறை சிரித்தார். யாரும் கூடச் சிரிக்கவில்லை. சிரிப்பு அடங்கியதும் தன் முழங்காலைத் தடவிக்கொண்டார். பிறகு மகளைப் பார்க்காமல், சுவரைப் பார்த்துச் சொன்னார்: "உங்க அக்கா இதக் கேக்காமயே பூட்டாளே."

இத்தனை வருஷப் பழிக்கு ஈடாக அவளுக்குக் கிடைத்தது அதுதான். "சாருக்கு டீ போடும்மா" என்றார். அவள் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள்.

"என்னப் பத்தி இன்னா எழுதியிருந்தீங்க?" என்று அவர் கேட்டார்.

"அது எதுக்கு இப்போ?"

"ஆங்?"

"இப்போ எதுக்கு அது!"

"சொல்லுங்க. என்னப் பத்தித் தானே."

சொன்னேன். தறிச் சத்தத்துக்கு மேலே, ஒவ்வொரு சொல்லாகக் கத்திச் சொன்னேன். "பள்ளி விட்டு வரும் பிள்ளையை எதிர்கொள்ளத் தகப்பன் வீட்டில் இருக்கிறார்! பிள்ளையின் வலியை முதலில் கேட்பவர் அவரே!"

அவர் கையைக் காதிலிருந்து எடுக்கவில்லை. குனிந்தபடியே இருந்தார். உள்ளே பாத்திரச் சத்தம் நின்றிருந்தது.

"இன்னொரு தரம் சொல்லுங்க சார்" என்றார்.

காது கேட்காததால் கேட்கிறாரா, அந்த வரிக்காகக் கேட்கிறாரா என்று எனக்குத் தெரியவில்லை. இன்னும் சத்தமாக, இன்னொரு முறை சொன்னேன்.